சுங்காய் எருதும் என் பேச்சும்

இதனை வாசிக்கும் ஐயா அவர்களுக்கும் அம்மையார் அவர்களுக்கும் வணக்கம். விலங்குக்கு மனம் உண்டா என்று பலர் விவாதிக்கக் கேட்டிருக்கிறேன். நான் பள்ளி சென்றவனல்லன். கண்டதை மட்டும் எழுதுகிறேன்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபதுகளில், மலாயாவில் சுங்காய் என்னும் ஊருக்கு அருகிலுள்ள தோட்டமொன்றில் ஒற்றை மாட்டு வண்டியில் ரப்பர்ப் பால் ஏற்றிச் செல்வது என் வேலை. நான் வண்டியில் அமர்வதில்லை. எருதின் திமில்மேல் கை வைத்துப் பேசிக்கொண்டே உடன் நடப்பேன். நட என்றால் நடக்கும். நில் என்றால் நிற்கும். தமிழ் தெரிந்த மாடு என்று தொழிலாளர் குடியிருப்பான லயத்தில் அதற்குப் பெயர்.

குளிர்காய்ச்சலால் நான் ஆஸ்பத்திரியில் கிடந்தபோது, இளைஞன் ஒருவன் வண்டியில் அமர்ந்து ஓட்டினான். கயிற்றை இழுத்தாலும் மாடு முரண்டு பிடித்ததாம். நான் திரும்பிய காலையில், அதனைக் கசாப்புக்காரனுக்குக் கொடுத்துவிடுவதென்று தோட்டத்துக் கணக்கரான கிராணியார் முடிவு செய்திருந்தார்.

“அண்ணே, ஒங்க மாடு தமிழ மறந்துருச்சு,” என்றான் இளைஞன். “ஜாலான் ஜாலான்னு மலாய்லகூட நடக்கச் சொல்லிக் கெஞ்சிப் பாத்துட்டேன்லா. மாமியாக்காரி மாதிரி மூஞ்ச வச்சிக்கிட்டு நிக்கிது.”

“நான் கூப்புட்டா வரும், பாரு.”

எருதின் பின்புறம் நின்று அழைத்தேன். காதுமடல்கூட அசையவில்லை.

“ஒங்களையும் மறந்துருச்சா?” என்று அவன் சிரித்தான். சிரிப்பில் கை தவறிப் பால்வாளி கல்தரையில் விழுந்தது. பக்கத்தில் கட்டியிருந்த மற்றொரு மாடு மிரண்டு துள்ளியது. என் எருதோ அசைபோட்டபடியே நின்றது.

அப்பொழுதுதான் எனக்கு விளங்கிற்று. முன்னே சென்று திமில்மேல் கை வைத்தேன். வாய் திறவாமல் ஓரடி எடுத்தேன், அதுவும் எடுத்தது. கையைத் தளர்த்தினேன், நின்றது.

அதன் செவி எந்நாளில் போயிற்றோ, அறியேன். நான் சொல்லால் ஆள்வதாக எண்ணியிருக்க, அது என் உள்ளங்கையை வாசித்து வந்திருக்கிறது. மேட்டில் எனக்கு மூச்சு வாங்கும்போது கேளாமலே நின்றதன் காரணமும் அதுவே. சொல் இருக்குமிடத்தில்தான் மனம் இருக்கும் என்ற என் எண்ணம் அன்று போயிற்று.

“செவிட்டு மாட்ட வச்சிக்கிட்டு நான் என்னய்யா பண்றது?” என்றார், அங்கு வந்து விவரம் கேட்ட கிராணியார்.

“கைய வச்சிக்கிட்டு கூட நடந்தா போதுங்கய்யா. இவனையே நடக்கச் சொல்லுங்க.”

இளைஞன் தயங்கிக் கை வைத்தான். முதலில் அது அசையவில்லை. அவன் தோள் இறுக்கம் தளர்ந்து கால் பெயர்த்ததும், உடன் நடந்தது.

கிராணியார் ஒதுங்கி வழி விட்டார். “சரி, கசாப்புக்காரன் வந்தா வெறுங்கையோட போகச் சொல்லு,” என்றார்.

எருது பிழைத்தது. இவ்விவரத்தை எறிந்துவிடாமல் பத்திரப்படுத்தி வைக்குமாறு தங்களை வேண்டிக்கொள்கிறேன்.