மல்லாட்டைத் தோல் கரைக்கு வரட்டும்

வெள்ளிக்கிழமை விடியும் முன்பே தொலைபேசி ஒலித்தது. யூசுப் சாரின் மகள் ஜமீலா பேசினாள். "டீச்சர், அத்தா மவுத்தாயிட்டாங்க. தூக்கத்துலயே போயிட்டாங்க" என்றாள்.

கட்டிலில் எழுந்து உட்கார்ந்த என் கணவர் என்ன நோய், எப்போது என்றெல்லாம் கேட்கவில்லை. "பக்கத்துல யாராச்சும் இருந்தாங்களாமா, கேளு" என்றார்.

கேட்டேன். "அம்மா இருந்தாங்க டீச்சர். கையப் புடிச்சிக்கினுதான் இருந்தாங்க."

"அது போதும்" என்றார் என் கணவர். துண்டால் முகத்தை மூடிக்கொண்டார்.

யூசுப் சாரோடு பழகியவர்களுக்கு அந்தக் கேள்வியின் பொருள் உடனே விளங்கும். பழகாதவர்களுக்காகவும் சேர்த்து இதை எழுதுகிறேன்.

எண்பதுகளின் தொடக்கத்தில் திண்டிவனத்தில் எங்கள் பள்ளிக்கு விலங்கியல் ஆசிரியராக வந்து சேர்ந்தார் அவர். சொந்த ஊர் கோட்டக்குப்பம். அதற்கு முன் சில ஆண்டுகள் மஸ்கட்டில் ஒரு பள்ளியில் வேலை பார்த்தவர். அங்கிருந்து திரும்புகிறவர்கள் அந்தக் காலத்தில் டேப் ரெக்கார்டரும் சென்ட் பாட்டிலும் கொண்டு வருவார்கள். இவர் கொண்டுவந்தது, கண்ணையும் மூக்கையும் சேர்த்து மூடும் ஒரு கண்ணாடி, வாயில் கவ்விக்கொள்ளும் வளைந்த குழாய், வாத்துக்கால் போன்ற ரப்பர் செருப்பு; எல்லாவற்றிலும் இரண்டிரண்டு. ஆசிரியர் அறையில் ஒருநாள் அந்தக் கண்ணாடியைப் போட்டுக் காட்டினார்.

"இன்னா சார், சாக்பீஸ் தூசிக்கா?" என்று கேட்டார் கணக்கு ஆசிரியர்.

"ஆமா சார். உங்க கிளாஸ் பக்கம் வந்தா போட்டுக்குவேன்" என்றார் யூசுப் சார்.

மரக்காணத்துக்கு வடக்கே சவுக்குத் தோப்பைத் தாண்டிப் போனால், கரும்பாறைகள் இரண்டு பக்கமும் கடலுக்குள் நீண்டு, நடுவில் சின்னக் குடா ஒன்றை அணைத்துக்கொண்டிருக்கும். மழைக்காலம் ஓய்ந்து தையும் மாசியும் வந்தால் சில வாரங்களுக்கு அங்கே தண்ணீர் தெளியும். முகத்தைத் தண்ணீரில் கவிழ்த்து, குழாய் வழியே மூச்சுவிட்டபடி, பாறை இடுக்கில் மீன்கள் குடித்தனம் நடத்துவதைப் பார்ப்பது அவருடைய பெரிய ஆசை. துணைக்கு அவருடைய மச்சான் போவார். அந்த மச்சான் துபாய்க்குப் போன பிறகு கண்ணாடி அலமாரிக்குப் போய்விட்டது. "தனியா எறங்கறது இல்ல டீச்சர்" என்பார். கடல் தெளிந்திருந்த ஒரு பருவம் முழுவதையும் அப்படியே விட்டுவிட்டார்.

அதைப் பார்க்கப் பொறுக்காமல் நான்தான் என் கணவரைப் பற்றிச் சொன்னேன். அவர் விவசாயி. மல்லாட்டை என்று நாங்கள் சொல்லும் நிலக்கடலையும் கேப்பையும் விளைகிற நிலம், நடுவில் பெரிய கிணறு. சுற்று வட்டாரத்தில் யார் வீட்டுக் குடம் கிணற்றில் விழுந்தாலும், மோட்டார்க் குழாயின் அடியில் மாட்டிய புட்வால்வு கழன்று போனாலும், இவரைத்தான் கூப்பிடுவார்கள். வேகவேகமாக நாலைந்து முறை மூச்சை இழுத்து விட்டு, தலைகீழாகப் பாய்ந்து, அடிமண்ணைத் தொட்டுவிட்டு வருவார்.

தை மாத ஞாயிற்றுக்கிழமை ஒன்றில் நாங்கள் இருவரும், யூசுப் சாரும், அவருடைய மனைவி சபியாவும் பஸ் ஏறி மரக்காணத்தில் இறங்கி நடந்தோம். குடாவை அடைந்ததும் என் கணவர் சட்டையைக் கழற்றிவிட்டார். யூசுப் சாரோ பாறைமேல் உட்கார்ந்து, பையிலிருந்த வறுத்த மல்லாட்டையை உரிக்க ஆரம்பித்தார். பருப்பை வாயிலும் தோலைத் தண்ணீரிலும் போட்டார்.

"இன்னா பாய், குளிக்க வந்தமா, கொறிக்க வந்தமா?"

"கொஞ்சம் இருங்கண்ணே. தோலு எங்க போவுதுன்னு பாப்போம்."

தோல்கள் சற்று நேரம் அங்கேயே ஆடின. பிறகு ஒன்றன்பின் ஒன்றாக வலப்பக்கப் பாறையை ஒட்டி நகர்ந்து கடலுக்குள் போயின.

"அதோ பாரு பாய், பாறையோரமா அலையே இல்ல. எங்க கெணறு மாதிரி கம்முனு கீது. அங்க எறங்கலாம் வா."

"அதாண்ணே வெளிய போற வாசலு. விழுப்புரம் ஜங்ஷன்ல ரயிலு வந்தா, ஒரு கதவுல ஜனம் ஏற முட்டிக்கினு நிக்கும். பக்கத்துக் கதவு காலியா கீதேன்னு அங்க ஓடுவோம். உள்ள இருக்கறவன் மூட்டையோட நம்ம மேல வந்து விழுவான். வந்த தண்ணி திரும்பிப் போவணும் இல்ல? அது கம்முனுதான் போவும். நம்மளையும் கூட்டிக்கினு போவும்."

"அப்ப இன்னிக்கி?"

"இன்னிக்கி இல்லண்ணே."

"இன்னா பேஜாரு பாய் உன்னோட! இம்மாந்தூரம் வந்துட்டு, மல்லாட்டைத் தோலு வெளிய போச்சுன்னு திரும்பினா ஊர்ல சிரிக்க மாட்டானுங்க?"

"சிரிக்கட்டும்ணே. அதக் கேக்க நாம இருக்கணும் இல்ல?"

கண்ணாடி இருந்த பை அவர் மடியிலேயே இருந்தது. அதன் வாரை விரல்கள் வருடிக்கொண்டிருந்தன. எங்கள் எல்லோரையும்விட அவருக்குத்தான் அந்தத் தண்ணீரில் இறங்க ஆசை இருந்தது என்பது எனக்குத் தெரிந்தது. பிறகு பையை மூடிவிட்டு எழுந்தார்.

திரும்பும்போது என் கணவர் பஸ்ஸில் வேறு இருக்கையில் போய் உட்கார்ந்துகொண்டார். அவர் வைத்த 'மல்லாட்டை பாய்' என்ற பெயர் அந்த வாரமே பள்ளிக்கூடம் வரை வந்துவிட்டது. யூசுப் சார் அதற்கும் சிரித்தார். எனக்கு ஓர் உதாரணம் தோன்றுகிறது. தடுப்பூசி போட்ட குழந்தையைக் காட்டி, இதற்கு வர இருந்த நோய் இதுதான் என்று யாராலும் சொல்ல முடியாது. எச்சரிக்கையாக இருப்பவர்களின் நிலைமை அதுதான். அவர்கள் சொன்னது சரி என்பதற்குச் சாட்சியாக எதுவும் நடப்பதில்லை.

மாசி பிறந்ததும் என் கணவரே வாய் திறந்தார். "உங்க பாயக் கேளு, தோலு இப்ப எந்தப் பக்கம் போவுதுன்னு." சமாதானத்துக்கு அடையாளமாக எங்கள் நிலத்து மல்லாட்டையில் ஒரு பை வறுத்து எடுத்துக்கொண்டார்.

அன்று தோல்கள் திரும்பி வந்து மணலில் ஒதுங்கின. யூசுப் சார் முகம் மலர்ந்தது. ஆனாலும் உடனே இறங்கவில்லை. "எறங்குற எடத்த அப்புறம் பாக்கலாம்ணே. ஏறுற எடத்த மொதல்ல பாருங்க" என்று, பாறை சரிந்து மணலைத் தொடுகிற ஓர் இடத்தைக் காட்டினார். பாறைச் சிப்பி காலைக் கிழிக்காமல் இருக்கக் கேன்வாஸ் ஷூ போடச் சொன்னார். கண்ணாடியில் ஆவி படியாமல் இருக்க எச்சில் தடவச் சொன்னபோது, "மூஞ்சில போடறதுல துப்பறதா? நல்லாத்தான் படிச்சிக்கினு வந்த மஸ்கட்ல!" என்றார் என் கணவர். எல்லோரும் சிரித்தோம். கடைசியாகச் சொன்னதை மட்டும் யூசுப் சார் சிரிக்காமல் சொன்னார்.

"ஒருத்தர் கீழ போனா ஒருத்தர் மேல இருக்கணும். மேல இருக்கறவர் மீனைப் பாக்கக் கூடாது. ஆளைத்தான் பாக்கணும். அப்புறம், கெணத்துல இழுக்கற மாதிரி வேகமா மூச்சு இழுக்காதீங்கண்ணே. அது வேணாம்."

இருவரும் இறங்கினார்கள். கொஞ்ச நேரத்தில் குழாய் வழியே என் கணவர் கத்துவது கேட்டது. வரி போட்ட மீன் கூட்டத்தைப் பார்த்துவிட்ட கூச்சல் அது. அப்படியே ஆழமான பக்கம் போனார்கள். அங்கேதான் பழக்கம் குறுக்கே வந்தது. குழாயைத் துப்பிவிட்டு, கிணற்றில் செய்வது போலவே, வேகவேகமாக மூச்சை இழுத்து விட்டார். "அப்படி வேணாம்ணே!" என்று யூசுப் சார் கத்தியபோது என் கணவரின் கால்கள்தான் மேலே தெரிந்தன.

கரையிலிருந்து பார்த்தால் யூசுப் சாரின் முதுகும் குழாயின் நுனியும் மட்டுமே தெரிந்தன. இரண்டும் அசையவில்லை. சபியா என் கையைப் பிடித்தார். "பயப்படாதீங்க டீச்சர். பாத்துக்கினுதான் இருக்காங்க."

திடீரென்று குழாயும் முதுகும் மறைந்தன. மறுகணம் யூசுப் சார் என் கணவரை மேலே தூக்கியிருந்தார். தலை தொங்கியது. உதடு நாவற்பழம் போல் கறுத்திருந்தது. தாடையை வானத்தைப் பார்க்கத் தூக்கிப் பிடித்து, கண்ணாடியைக் கழற்றி, கன்னத்தில் தட்டினார். "அண்ணே, மூச்சு விடுங்க! மூச்சு விடுங்கண்ணே!"

என் கணவர் இருமினார். அந்த இருமலைப் போல இனிய ஒலியை நான் அதற்கு முன்னும் கேட்டதில்லை, பின்னும் கேட்டதில்லை. எங்கே கரையேறுவது என்று யூசுப் சார் தேடவில்லை. முதலிலேயே காட்டியிருந்த இடத்துக்கு நேராக இழுத்து வந்தார்.

"மேல வந்துக்கினுதான இருந்தேன் பாய்" என்றார் என் கணவர், பேச்சு வந்ததும். "மூச்சு முட்டவே இல்லையே."

"முட்டாதுண்ணே. அதான் ஆபத்து. வேகமா இழுத்து விட்டுட்டுப் போனா, மூச்சு வேணும்னு ஒடம்பு கேக்கறதையே மறந்துடும். மேல வர்ற நேரத்துல வெளக்கு அணைஞ்ச மாதிரி ஆயிடும்." குழாயிலிருந்த தண்ணீரைக் கொட்டினார். "மஸ்கட்ல என் ரூம்ல ஹமீதுன்னு ஒருத்தன். எங்க ஊருதான். இதே மாதிரி பாறைதான். இதே மாதிரிதான் கீழ போனான். நான் மேலதான் இருந்தேன். ஆமை ஒண்ணு போச்சு. அதப் பாத்துக்கினு இருந்துட்டேன்ணே."

சபியா அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். அவரும் அதை அன்றுதான் முதன்முறையாகக் கேட்கிறார் என்பது தெரிந்தது. மரக்காணத்தில் மருத்துவரிடம் காட்டிய பிறகுதான் எங்களைத் திண்டிவனம் பஸ்ஸில் ஏறவிட்டார் யூசுப் சார்.

அதன்பின் பல மாசி மாதங்கள் அவர்கள் இருவரும் சேர்ந்தே இறங்கினார்கள். தோல் வெளியே போன நாள்களில் என் கணவர்தான் முதலில் பையை மூடுவார். ஒருமுறை நான் கேட்டேன்: "உங்க அண்ணன் கீழ போகும்போதெல்லாம் நீங்க அவரையே பாத்துக்கினு இருக்கீங்க. அப்புறம் எப்பதான் சார் மீன் பாப்பீங்க?"

"அண்ணன் எனக்காக மேல இருக்கும்போது" என்றார்.

அந்த வெள்ளிக்கிழமை ஜும்ஆ தொழுகைக்குப் பின் கோட்டக்குப்பத்தில் அவரை அடக்கம் செய்தார்கள். நான் சபியாவின் பக்கத்தில் இருந்தேன். என் கணவர் ஊர்க்காரர்களோடு போய், கைப்பிடி மண் போட்டுவிட்டு வந்தார். வீட்டுக்குக் கிளம்பாமல் என்னைக் கடற்கரைக்கு அழைத்துப் போனார்.

சட்டைப் பையில் மல்லாட்டை வைத்திருந்தார். காலையில் அந்த அவசரத்திலும் எப்போது எடுத்து வைத்தாரோ தெரியவில்லை. உரித்து, பருப்பை என் உள்ளங்கையில் போட்டார். தோலைத் தண்ணீரில் போட்டார். முழங்காலைப் பிடித்தபடி மணலில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டே இருந்தார். தோல்கள் ஆடின, விலகின, பிறகு நுரையோடு மெல்லத் திரும்பி வந்து அவர் காலடியில் ஒதுங்கின.

கடலைப் பார்த்து மெதுவாகச் சொன்னார்: "கரைக்கு வந்துடுச்சி பாய். நீ எறங்கு. நான் மேலதான் கீறேன். உன்னத்தான் பாத்துக்கினு கீறேன்."