தாங்களாகவே போனவர்கள்

பதிப்பகத்திலிருந்து அந்த வேலை வந்தபோது சந்தோஷமாகத்தான் ஒப்புக்கொண்டேன். பொருளியலைச் சாதாரண வாசகர்களுக்குப் புரியவைக்க ஒரு பேராசிரியர் ஆங்கிலத்தில் எழுதிய புத்தகத்தைத் தமிழாக்கும் வேலை. வளர்ச்சி என்றால் என்ன, நாடு பணக்கார நாடாகும்போது ஏழைக்கு என்ன கிடைக்கிறது, வரப்போகும் வருஷங்களைப் பற்றி நிபுணர்கள் எதை வைத்துச் சொல்கிறார்கள் என்று ஒவ்வொன்றுக்கும் ஓர் அத்தியாயம். நம் நாட்டுப் பொருளியலை நம் ஆட்களுக்குத் தமிழில் சொல்லும் புத்தகம் எதையும் நான் பார்த்ததில்லை. கடைகளில் கிடைப்பதெல்லாம் சீக்கிரம் பணக்காரராவது எப்படி என்ற ரகம்.

கோலாலம்பூருக்குத் தெற்கே சிரம்பானில் ஓர் இடைநிலைப்பள்ளியில் தமிழ் சொல்லிக்கொடுக்கிறேன். பள்ளி முடிந்து வந்ததும் சாப்பாட்டு மேசையைத் துடைத்துவிட்டு உட்கார்ந்துவிடுவேன். முதல் அத்தியாயங்கள் வேகமாக ஓடின. அந்த மனிதர் நன்றாக எழுதுவார், அதை இன்றைக்கும் சொல்வேன். விலைவாசியை விளக்க தேங்காய்ப்பால் சோறான ஒரு நாசி லெமாக் பொட்டலத்தை எடுத்துக்கொண்டு அதன் சம்பலிலிருந்து நெத்திலி வரை பிரித்துக் காட்டியிருந்தார். சிரித்துக்கொண்டே மொழிபெயர்த்தேன்.

பிறகு தோட்டங்களைப் பற்றிய அத்தியாயம் வந்தது. ரப்பர் போய் எண்ணெய்க்கான செம்பனை வந்ததும், செம்பனை போய் வீடமைப்புத் திட்டங்கள் வந்ததும் நாட்டின் வளர்ச்சிக்கு நல்ல உதாரணம் என்று எழுதியிருந்தார். அதில் ஒரு வாக்கியம். தமிழில் இப்படி வந்தது: 'தோட்டங்கள் நகரங்களாக மாறியபோது அங்கிருந்த தொழிலாளர்கள் தாங்களாகவே வெளியேறி, மேலும் நல்ல வேலைகளைத் தேடிக்கொண்டார்கள்.'

எழுதிவிட்டு எழுந்துவிட்டேன்.

என் பள்ளி வயதில் நாங்கள் இருந்த ரப்பர் தோட்டம் சிரம்பானுக்கும் போர்டிக்சனுக்கும் நடுவில். தோட்டம் கைமாறியது எங்களுக்குச் செய்தியாக வரவில்லை, தண்ணீர் வராமல் போனதில்தான் தெரிந்தது. நாங்கள் வரிசை வீடுகளில் குடியிருந்த லயத்துக் குழாயில் வெறும் காற்று வந்தது. அப்புறம் ஆயாக்கொட்டகையை மூடினார்கள். ரப்பர் பாலெடுக்கப் பால்மரம் வெட்டப் போகும் பெண்கள் கைக்குழந்தையை எங்கே விடுவது? பிள்ளைகளைப் பள்ளிக்கு ஏற்றிப்போன லோரியும் நின்றது. ஒரு நாள் காலையில் மண்வாரி எந்திரம் வந்து அம்மாவின் கீரைப்பாத்திமேல் ஏறி நின்றது. அம்மா அதன் முன்னால் போய் நின்று, ஓட்டுகிற ஆளைப் பார்த்து, "தம்பி, கீரையைப் பறிச்சிக்கிறேன், கொஞ்சம் இரு" என்றார். அவன் எந்திரத்தை நிறுத்திவிட்டுக் காத்திருந்தான். அம்மா கீரையைப் பறித்துக்கொண்டு உள்ளே போய்ச் சாமான்களைக் கட்ட ஆரம்பித்தார். நாங்கள் 'தாங்களாகவே' வெளியேறினோம்.

பதிப்பகத்துக்கு எழுதினேன். இந்த வாக்கியம் பொய், இதை என் கையால் தமிழில் வைக்கமாட்டேன் என்றேன். அங்கிருந்த பெண் பொறுமையாகப் பேசினாள். "டீச்சர், எழுதினது அவரு. நீங்க மொழிதானே மாத்துறீங்க" என்றாள். எனக்கு அது இன்னும் எரிச்சலாக இருந்தது. கடைசியில் பேராசிரியரிடமே பேச ஏற்பாடு செய்தாள்.

அவர் தமிழர்தான், கோலாலம்பூரில் வளர்ந்தவர். மரியாதையாகப் பேசினார்.

"டீச்சர், நீங்க சொல்றது புரியுது. ஆனா நான் ஒரு குடும்பத்தப் பத்தி எழுதல. மொத்தமா பார்த்தா, தோட்டத்த விட்டவங்க வாழ்க்கை உயர்ந்திருக்கு. டேட்டா அதத்தான் காட்டுது."

"உயர்ந்திச்சா இல்லையான்னு நான் கேக்கல சார். தாங்களாகவே போனாங்கன்னு யார் சொன்னா?"

"அது பொருளியல்ல ஒரு அர்த்தத்துல சொல்றது. இருக்கிற வழிகள்ல ஒன்ன அவங்க தேர்ந்தெடுத்தாங்க."

"தண்ணிய நிறுத்திட்டாங்க சார். எந்த வழி இருந்திச்சு?"

அவர் தன் தாத்தாவும் ஒரு தோட்டத்தில் கிராணியாக இருந்தவர்தான் என்றார். என்னை ஆறுதல்படுத்தத்தான் சொல்லியிருப்பார். கணக்கெழுதும் கிராணி வீட்டில் கடைசி வரை தண்ணீர் வந்தது என்பது எனக்கு ஞாபகம் வந்தது. சொல்லவில்லை. இடத்தை வந்து பாருங்கள் என்று மட்டும் கேட்டேன்.

வந்தார், அதற்கு நன்றி சொல்லத்தான் வேண்டும். அவர் ஓட்டிவந்த காடியிலேயே போனோம். எங்கள் லயம் இருந்த இடத்தில் புதுக் குடியிருப்பின் தடுப்புக் கம்பி போட்ட வாசல். நேப்பாளக் காவலர் எந்த வீட்டுக்குப் போகவேண்டும் என்று மலாய்மொழியில் கேட்டார். எந்த வீட்டுக்கும் இல்லை, இங்கேதான் பிறந்தேன் என்றேன். அவர் வருத்தமாகத் தலையாட்டினார். வீட்டு நம்பர் இல்லாமல் விடமுடியாதாம். பேராசிரியர் பல்கலைக்கழக அட்டையைக் காட்டியும் கம்பி தூக்கவில்லை. திரும்பும் வழியில் எங்கள் தோட்டத்துக் கோயிலைக் காட்டினேன். நகரியத்தின் கழிவுநீர்க் குட்டைக்குப் பக்கத்தில் இடம் ஒதுக்கி நகர்த்தியிருந்தார்கள். இறங்கிக் கும்பிட்டார், கைக்குட்டையை மூக்கில் வைத்துக்கொண்டு.

ஒரு வாரம் கழித்து எழுதினார். 'தாங்களாகவே' என்பதை எடுத்துவிடலாம், 'தொழிலாளர்கள் இடம்பெயர்ந்தனர்' என்று இருக்கட்டும் என்றார். யார் பெயர்த்தது என்பதையும் எழுதுங்கள் என்றேன். அதை எழுதினால் அது வேறு புத்தகமாகிவிடும் என்று பதில் வந்தது. வேலையைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன். வேறொருவர் முடித்துக்கொடுத்தார்.

வெளியீட்டு விழா சிரம்பானிலேயே நடந்தது. அண்ணனையும் கூட்டிக்கொண்டு போனேன். அண்ணன் லோரி ஓட்டப் போய், இன்றைக்குச் சொந்தமாக லோரிகள் வைத்திருப்பவர். மகள் டாக்டருக்குப் படிக்கிறாள். அந்தப் புத்தகத்துக்கே அவரை அட்டைப்படமாகப் போடலாம். மேடையில் பேசியவர்கள் எல்லாரும் நம் சமுதாயம் எதிர்காலத்தைக் கணித்து நடக்கவேண்டும் என்றார்கள். கேள்வி நேரத்தில் எழுந்தேன்.

"தோட்டத்த வித்தவங்களப் பத்தி இந்தப் புத்தகத்துல ஒரு வரியும் இல்லையே, ஏன்?"

நிகழ்ச்சி நடத்துநர் நல்ல கேள்வி என்றார், நேரமில்லை என்றார், தேநீருக்கு அழைத்தார். சிலர் கைதட்டினார்கள், எனக்கா தேநீருக்கா என்று தெரியவில்லை. அண்ணன் வரிசையில் நின்று புத்தகத்தில் கையெழுத்து வாங்கினார்.

காடியில் ஏறியதும் கேட்டேன். "எப்படிண்ணே அந்த ஆளுகிட்ட போயி கையெழுத்து வாங்குற?"

"நல்லாத்தான்லா எழுதியிருக்காரு."

"அம்மா கீரை பறிச்சத நீ மறந்துட்டியா?"

அண்ணன் காடியை ஓரமாக நிறுத்தினார். ஸ்டியரிங்கைப் பிடித்தபடியே பேசினார்.

"நீ அன்னிக்கு அழுதுக்கிட்டே நடந்து பள்ளிக்கூடம் போயிட்ட. நான் துரை ஆபீசுக்குப் போனேன், கையில கத்தியோட. அப்பாதான் பாதி வழியில என்னைக் கட்டிப்புடிச்சு இழுத்துட்டு வந்தாரு. நான் கோவத்த வச்சிக்கிட்டிருந்தா நாம எல்லாம் என்னா ஆயிருப்போம்? உனக்குக் கோவப்பட நேரம் இருந்திச்சு. எனக்கு லோரி இருந்திச்சு."

இத்தனை வருஷத்தில் எங்கள் வீட்டில் யாரும் இதைச் சொன்னதில்லை. அப்பாவும் சொல்லாமலே போய்விட்டார். புத்தகத்தின்மேல் இருந்த ஆத்திரம் எனக்குக் குறையவில்லை, இன்னும் ஏறியது. மொத்தமாகப் பார்த்தால் உயர்ந்துவிட்டார் என்று எழுதப்பட்ட மனிதர் இவர்தான்.

"மத்தவங்கல்லாம் எங்க போனாங்கண்ணே?" என்று கேட்டேன்.

கொஞ்சம் யோசித்துவிட்டு ஒவ்வொருவராகச் சொன்னார். லோரி ஓட்டுகிறவருக்கு ஊரெல்லாம் ஆட்களைத் தெரிந்திருந்தது. ஒரு குடும்பம் கோலா கிளாவாங் பக்கம், இரண்டு குடும்பம் போர்டிக்சன் அடுக்குமாடியில்.

ஞாயிற்றுக்கிழமைகளில் இப்போது நாங்கள் இருவரும் அவர்களைத் தேடிப் போகிறோம். அண்ணன் ஓட்டுகிறார். யார் உங்களைப் போகச் சொன்னது, எப்படிச் சொன்னார்கள் என்று நான் கேட்கிறேன். சிலர் அழுகிறார்கள். சிலர் சாப்பிட்டுவிட்டுப் போங்கள் என்று பேச்சை மாற்றுகிறார்கள். சொன்னதை எழுதிக்கொண்டு வந்து வாசித்துக் காட்டுகிறேன், தப்பென்றால் திருத்துகிறேன். இதை யார் புத்தகமாகப் போடுவார்கள் என்று தெரியாது. அந்தப் பதிப்பகத்துக்கு அனுப்பப்போவதில்லை.