கைமாற்றாகப் போன சிட்ரிக்

கிருஷ்ணகிரிப் பக்கம் ஒரு மாங்கூழ் ஆலையில் ஸ்டோர் சாவி பல வருடமாகக் கிருபாராணியின் இடுப்பில்தான் தொங்குகிறது. கறாரான பெண்மணி. கையுறையும் முகமூடியும் இல்லாமல் சிட்ரிக் ஆசிட் மூட்டையைப் பிரிக்க யாரையும் விடமாட்டார். அதன் அருகே ப்ளீச்சிங் பவுடரைக் கொண்டுபோய் வைத்தவன் வாங்கிய திட்டு கேட் வரை கேட்டது. இரண்டும் கலந்தால் விஷவாயு கிளம்பும்.

சிட்ரிக்கில் இரண்டு தரம். கூழின் புளிப்பைச் சரிசெய்வது உணவுத் தரம். பாய்லர் குழாயில் படிந்த உப்பைக் கரைப்பது தொழில் தரம். அது வாயில் போடத் தகுந்ததா என்று யாரும் சோதித்திருக்க மாட்டார்கள். பார்வைக்கு இரண்டும் ஒரே வெள்ளைத் தூள்.

இவ்வளவு கறாரிலும் ஓர் ஓட்டை இருந்தது. பாய்லரில் சரக்குத் தீர்ந்தால் பாய்லர் பார்க்கும் திம்மப்பன் டப்பாவோடு வந்து நிற்பார். பக்கத்து வீட்டுக்குச் சர்க்கரை தருவதுபோல் கிருபாராணியும் உணவுத் தரத்திலிருந்து அள்ளித் தருவார். பிறகு கணக்கில் கழித்துக்கொள்வார்கள். தூள் திரும்பி வராது.

இந்த சீசனில் சாவியை ஆபீசில் கொடுத்துவிட்டு உத்தனப்பள்ளியில் ஒரு கல்யாணத்துக்குப் போய்விட்டு மறுநாள் வந்தவர், பாதியாக விட்டுப்போன உணவுத் தர டிரம் நிறைந்திருப்பதைப் பார்த்தார். யார் வேலை என்று கேட்கவே தேவையில்லை; வாங்கிய கடனைத் திம்மப்பன் பாய்லர் சரக்கால் அடைத்திருந்தார். அதிலிருந்து சிட்ரிக் அள்ளிப் போட்ட கூழ் ஏற்கனவே தொட்டியில் இருந்தது. வாயைத் திறந்தால் திம்மப்பன் வேலை போகும். திறக்காவிட்டால் அந்தக் கூழ் யார் யார் வீட்டுப் பிள்ளைகள் வாய்க்கோ போகும்.

மேனேஜர் நவீன்குமாரிடம் போய், "சார், டிரம்முல பாய்லர் சரக்கு கலந்துட்டுது. தொட்டிய நிறுத்துங்க" என்றார்.

"யாரும்மா கொட்டுனது?"

"கைமாத்து குடுத்தது நான் சார். தப்பு என்னுது."

பேரைச் சொல்லாமல் சமாளித்துவிடலாம் என்று நினைத்தார். வாசலில் நின்ற திம்மப்பனுக்குக் கைமாற்று என்ற சொல் மட்டும் காதில் விழுந்தது. தான் வாங்கியதைத் தரவில்லை என்று புகார் போலிருக்கிறது என்று நினைத்து, மனுஷனுக்கு ரோஷம் வந்துவிட்டது.

"என்னாக்கா இப்படிச் சொல்ற? நேத்தே நானே கொண்ணாந்து கொட்டுனேனே! தல தட்டாம, குமிச்சுக் குமிச்சு அளந்து கொட்டுனேன்!"

தொட்டிக் கூழ் முழுவதும் அன்றே குழிக்குப் போனது. திம்மப்பனும் அன்றோடு சரி. கைசுத்தத்துக்காக வேலை போன ஆளை நான் வேறெங்கும் பார்த்ததில்லை.

கிருபாராணி ஸ்டோரில் கைமாற்றை அடியோடு நிறுத்திவிட்டார். வீட்டில் யாராவது சர்க்கரை கேட்டால் இன்றும் தருகிறார். திருப்பிக் கொண்டுவந்தால் மட்டும் வாங்குவதில்லை.