பேனரில் இருந்த இரண்டாவது மகள்

எங்கள் வீட்டில் நாங்கள் மூன்று பேர். அக்கா, நான், தம்பி. அக்கா தலைப்பிள்ளை என்பதால் அவளுக்கு மொட்டை போட்டது, காது குத்தியது, முதல் நாள் பள்ளிக்கூடம் போனது எல்லாவற்றுக்கும் போட்டோ உண்டு. தம்பி ஆண்பிள்ளை. வருசா வருசம் பிறந்தநாளுக்குக் கடத்தூர் ஸ்டுடியோவுக்குக் கூட்டிப்போய், கையில் பிளாஸ்டிக் ரோஜாப்பூவைக் கொடுத்துப் படம் எடுத்தார்கள். அந்தப் படங்களில் நானும் இருக்கிறேன். ஒன்றில் முழங்கை, ஒன்றில் பாவாடை நுனி. அக்காவின் தோளுக்குப் பின்னால் ஒரு சிவப்பு ரிப்பன் மட்டும் தெரிகிற படம் ஒன்று உண்டு. அது நான்தான் என்று அம்மா அடித்துச் சொல்லுவாள்.

இதற்காக நான் உட்கார்ந்து அழுததில்லை. அம்மா கூப்பிடும்போது முதலில் அக்காவின் பெயர் வரும், பிறகு தம்பியின் பெயர், பிறகுதான் என் பெயர். நான் அக்காவின் பெயருக்கே எழுந்து போய்விடுவேன். எல்லாருக்கும் நேரம் மிச்சம்.

அப்பா ஓட்டு வீட்டை இடித்துவிட்டுப் புது வீடு கட்டியபோது நான் தர்மபுரியில் ஹாஸ்டலில் தங்கிக் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தேன். அக்காவை மாரண்டஹள்ளிப் பக்கம் கட்டிக்கொடுத்து ஒரு வருசம் தாண்டியிருந்தது. பால் காய்ச்சுகிற அன்றைக்கு முந்தின நாள் சாயங்காலம் ஊர் முக்கில் பஸ்ஸை விட்டு இறங்கினேன். எதிரே பனைமர உயரத்துக்கு ஒரு பேனர். மேலே அப்பாவும் அம்மாவும் கும்பிட்டபடி. கீழே இடது பக்கம் அக்கா, மாமா, கைக்குழந்தை. வலது பக்கம் தம்பி, கறுப்புக் கண்ணாடி போட்டு யாருடைய பைக்கிலோ சாய்ந்துகொண்டு. நடுவில் நீலப் பட்டுப் புடவையில் ஒரு பெண் அழகாகச் சிரித்துக்கொண்டிருந்தாள்.

நான் இல்லை. வேறு யாரோ.

பேனர் வேலை தம்பியின் பொறுப்பு. பன்னிரண்டாம் வகுப்புப் படிக்கிறவன், எல்லாவற்றையும் போனிலேயே முடித்திருந்தான்.

"நீ தனியா நிக்கற போட்டோ வூட்ல ஒண்ணுகூட இல்லக்கா. பெரியக்கா கல்யாணத்துல எடுத்த குரூப் போட்டோவ அனுப்பி, நடுவுல நிக்கறதுதான் எங்க சின்னக்கான்னு கடைக்காரர்கிட்ட சொன்னேன். அவரு வெட்டிட்டாரு."

"நடுவுல நான் இல்லையாடா?"

"இருந்தே. உனுக்கு முன்னாடி அந்தப் பொண்ணு நின்னுட்டுது."

அம்மாவிடம் போய்ச் சொன்னேன். அம்மா வாசலில் நின்று, தூரத்தில் தெரிந்த பேனரைக் கண்ணைச் சுருக்கிப் பார்த்தாள். "கன்னம் கொஞ்சம் உப்புனாப்புல இருக்குதேன்னு நானும் நெனச்சேன். ஹாஸ்டல் சோறு ஒத்துக்கிச்சாட்டம் இருக்குதுன்னு விட்டுட்டேன்" என்றாள். அப்பா பேனர் கட்டும்போது கூடவே நின்று கயிறு பிடித்தவர். "காத்துக்குச் சாயாம நிக்குது பாரு" என்றார் பெருமையாக. நான் சொன்னதை அவர் காதில் வாங்கவே இல்லை.

மறுநாள் விடிந்ததும் பால் பொங்கியது, எல்லாம் நல்லபடியாக நடந்தது. எட்டு மணி வாக்கில் மாமா வீட்டு ஆட்கள் வேனில் வந்து இறங்கினார்கள். இறங்கியவர்களில் அந்த நீலப் பட்டுக்காரியும் இருந்தாள். மாமாவுடைய சின்னம்மாவின் ஒரே மகளாம். பேனரைப் பார்த்ததும் அவளுக்குச் சந்தோசம் தாங்கவில்லை. அதன் கீழே நின்று செல்பி எடுத்துக்கொண்டாள். என்னிடம் ஓடிவந்து, "அக்கா, நான் உங்க வூட்டுப் பொண்ணாயிட்டனா? எனக்குக் கூடப் பொறந்தவங்களே இல்லன்னு எவ்ளோ ஏங்கியிருக்கறேன் தெரியுமா?" என்று கையைப் பிடித்துக்கொண்டாள். எனக்கு அவள்மேல் கோபமே வரவில்லை. நன்றாகத்தான் இருந்தாள். எங்கள் குடும்பத்துக்குப் பொருத்தமாகவும் இருந்தாள்.

அவளுடைய அம்மாவுக்குத்தான் ஆகவில்லை. நேராக அக்காவைப் பிடித்துக்கொண்டார். "எங்க பொண்ணுக்கு மாப்பிள்ளை பாத்துக்கிட்டு இருக்கறோம். நாலு பேரு வந்து போற எடத்துல இப்பிடி வெச்சிருந்தா, இது யாரு வூட்டுப் பொண்ணுன்னு கேக்க மாட்டாங்களா? மொதல்ல எறக்குங்க."

அக்கா தம்பியைத் திட்டினாள். தம்பி, "நீ கல்யாணத்துல சின்னக்காவப் பின்னாடி நிக்க வெச்சதாலதான்" என்றான். அதோடு இருவருக்கும் பேச்சு நின்றுபோனது. பெரியப்பா நடுவில் வந்து, நல்ல காரியம் நடக்கிற நாளில் கட்டினதை அவிழ்க்கக் கூடாது என்று ஒரே பிடியாகச் சொல்லிவிட்டார். கடைசியில் தம்பி ஏணி போட்டு ஏறி, டிபன் கொடுக்க வாங்கி வைத்திருந்த வெள்ளி நிறப் பேப்பர் தட்டு ஒன்றை எடுத்து, அந்தப் பெண்ணின் முகத்தின்மேல் டேப் போட்டு ஒட்டினான்.

இப்போது பேனரில் எங்கள் குடும்பம் சிரித்தது. நடுவில், நீலப் பட்டுப் புடவைக்கு மேலே, ஒரு தட்டு வெயிலில் மின்னியது.

நான் பந்தியில் கேசரி வைத்துக்கொண்டு போனேன். அரூரிலிருந்து வந்திருந்த ஓர் அம்மா பக்கத்து இலைக்காரியிடம் குனிந்து சொன்னது காதில் விழுந்தது. "ரெண்டாவது பொண்ணு ஓடிப்போச்சாம். அதான் மூஞ்சிய மூடிட்டாங்க."

கரண்டி அப்படியே நின்றது. "யாரோடங்க?" என்று கேட்டேன்.

"யாரோ பஸ் கண்டக்டராம் பாப்பா. நீ இன்னும் கொஞ்சம் வையி."

வைத்தேன். அடுத்த நாலு இலை தாண்டுவதற்குள் கண்டக்டர் பேங்க்கில் வேலை செய்பவராக ஆகிவிட்டார். பந்தியின் கடைசியில் அவர் பெங்களூரில் கம்ப்யூட்டர் வேலையில் இருந்தார். பொய்யாகவே இருந்தாலும் எனக்கு உள்ளுக்குள் கொஞ்சம் திருப்தியாகத்தான் இருந்தது. என்னைப் பற்றி இத்தனை பேர் ஒரே நேரத்தில் பேசி நான் கேட்டதே இல்லை. நான்தான் அந்தப் பெண் என்று சொல்லியிருக்கலாம். ஆனால் கேசரி வைக்கிறவள் சொன்னால் நம்புவார்களா என்று தோன்றியது. அதோடு, மீதிக் கதையைக் கேட்கவும் ஆசை.

இதற்குள் ஒரு வயசான அம்மா எங்கள் அம்மாவின் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டு கண்கலங்கினார். "மனசத் தேத்திக்கம்மா. இந்தக் காலத்துல எல்லா வூட்லயும் நடக்கறதுதான்."

காலையிலிருந்து போர் மோட்டார் ஓடாமல், டேங்கில் தண்ணீர் இல்லாமல் அம்மா அலைந்துகொண்டிருந்தாள். அவள் மனசில் அது ஒன்றுதான். "ஆமாங்க, இன்னிக்குன்னு பாத்து இப்பிடிப் பண்ணிட்டுது. மெக்கானிக் வரேன்னு சொல்லியிருக்கறாரு. அவரு வந்து கைய வெச்சுட்டா எல்லாம் சரியாப் பூடும்" என்றாள்.

அடுத்த பந்தியில் நான் மெக்கானிக்கோடு போயிருந்தேன். பெங்களூர்க்காரர் கைவிட்டுப் போனதில் எனக்குச் சற்று வருத்தம்.

விஷயம் அப்பாவிடம் போய்ச் சேர்ந்தபோது மணி பதினொன்று இருக்கும். பக்கத்து நிலத்துக்காரர் அவரைக் கட்டிப்பிடித்து, "போனது போவட்டும் உடுப்பா. மிச்சம் ரெண்டு இருக்குது இல்ல" என்றிருக்கிறார். அப்பாவுக்கு முதலில் விளங்கவில்லை. விளங்கியதும் விறுவிறுவென்று ரோட்டுக்குப் போய்ப் பேனருக்கு நேராக நின்று அண்ணாந்து பார்த்தார். நான் கேசரி வாளியோடு பின்னாலேயே போனேன். அவர் தட்டைப் பார்த்தார், திரும்பி என்னைப் பார்த்தார்.

"தட்டுக்குக் கீழ இருக்கறது நீதான?"

"இல்லப்பா. அது மாமாவோட சின்னம்மா பொண்ணு."

"அப்ப நீ எங்க?"

"நான் இல்லப்பா."

அப்பா என் கையைப் பிடித்துப் பந்தலுக்கு இழுத்துக்கொண்டு போனார். வாளி வழியெல்லாம் இடித்துக்கொண்டே வந்தது. ஸ்பீக்கரில் பாட்டு ஓடிக்கொண்டிருந்தது. அதை நிறுத்தச் சொல்லி மைக்கைக் கையில் வாங்கினார். எங்கள் அப்பா மைக் பிடித்து அதுவரை யாரும் பார்த்ததில்லை. ஒரு பிளாஸ்டிக் சேரை இழுத்துப்போட்டு என்னை அதன்மேல் ஏறச் சொன்னார்.

"எல்லாரும் இங்க கொஞ்சம் பாருங்க" என்றார். மைக் கீச்சிட்டது. "எங்க ரெண்டாவது பொண்ணு எங்கயும் ஓடிப்போவல. இங்கதான் இருக்குது. காலையிலேருந்து உங்க எல்லாருக்கும் கேசரி வெச்சது இதுதான். நல்லாப் பாத்துக்குங்க."

எல்லாரும் பார்த்தார்கள். பின்னால் இருந்தவர்கள் எழுந்து நின்று பார்த்தார்கள். அரூர் அம்மா தன் கையிலிருந்த வெற்றிலையைப் பார்த்தார். யாரோ கை தட்டினார்கள், அதைக் கேட்டு மற்றவர்களும் தட்டினார்கள். நீலப் பட்டுக்காரி விசிலே அடித்துவிட்டாள்.

அப்பா அத்தோடு விட்டிருக்கலாம். கைத்தட்டல் அவருக்கு வேகம் கொடுத்துவிட்டது. "நல்லாப் படிக்கற பொண்ணு. தர்மபுரி காலேஜில..." என்று ஆரம்பித்து நின்றுபோனார். மைக்கை வாயிலிருந்து எடுக்காமலேயே, "என்னா படிக்கறே?" என்று என்னைக் கேட்டார். அது ஊர் முழுக்கக் கேட்டது.

சிரிப்பு அடங்குவதற்குள் நான் மைக்கை வாங்கிக்கொண்டேன். "பி.எஸ்சி. தாவரவியல், ரெண்டாம் வருசம்" என்றேன். வாங்கியதைத் திருப்பித் தர வழி தெரியவில்லை. அப்பா அதற்குள் கூட்டத்தில் கரைந்துவிட்டிருந்தார். பெரியப்பா கீழே இருந்து, "அடுத்த பந்திக்கு ஆளுங்கள வரச் சொல்லு கண்ணு" என்றார். சொன்னேன். மாமா வந்து, வேனுக்குக் குறுக்கே நிற்கிற ஸ்கூட்டியை எடுக்கச் சொன்னார். அதையும் சொன்னேன். அக்கா வந்து, குழந்தையின் பால் பாட்டிலைக் காணோம், தம்பி எங்கே வைத்தான் என்று கேள் என்றாள். மைக்கில் கேட்டேன். தம்பி பந்தலின் மறுகோடியிலிருந்து சைகை காட்டினான், அதையும் அறிவித்தேன். மெக்கானிக் வந்து இறங்கியதையும் நான்தான் சொன்னேன். கூட்டமே திரும்பி அவரைப் பார்த்தது. ஐம்பது வயசுக்காரர், பாவம், எதற்கென்று தெரியாமல் எல்லாருக்கும் வணக்கம் வைத்தார்.

நாலு மணிக்குச் சொந்தக்காரர்கள் கிளம்பிப் போனார்கள். நான் புது வீட்டுக் கூடத்தில் ஜமுக்காளத்தை விரித்துப் படுத்தேன். சிமெண்ட் வாசனையோடு தரை குளுகுளுவென்று இருந்தது. கொஞ்ச நேரத்தில் அக்கா குழந்தையை அம்மாவிடம் விட்டுவிட்டு வந்து என் இடப்பக்கம் படுத்தாள். அதன்பிறகு தம்பி வந்து வலப்பக்கம் சாய்ந்தான். இருவருக்கும் இன்னும் பேச்சு இல்லை.

"அவன ஃபேன கொஞ்சம் ஜாஸ்தி வெக்கச் சொல்லு" என்றாள் அக்கா என்னிடம். அவன் கைக்கெட்டும் தூரத்தில்தான் படுத்திருந்தான்.

"ஃபேன ஜாஸ்தி வெக்கச் சொல்றா" என்றேன்.

"ஃபுல்லுலதான் ஓடுதுன்னு அவகிட்ட சொல்லு."

"ஃபுல்லுலதான் ஓடுதாம்."

"பொய் சொல்றான்னு சொல்லு."

கண்ணை மூடிக்கொண்டே அதையும் சொன்னேன்.