முதல் உப்புக்குக் கற்பூரம்

சாமி காரியத்தைப் பற்றி எழுதினால் யார் மனதாவது புண்படுமோ என்று பல வருஷம் தயங்கினேன். இன்று முருகனை வேண்டிக்கொண்டு எழுதிவிடுகிறேன்.

அன்று மரக்காணம் உப்பளத்து ஓரம் எங்கள் பஸ் பஞ்சராகி நிற்கிறது. நான் இறங்கி நடக்கிறேன். ஒரு பாத்தியில் அந்த வருஷத்து முதல் உப்பை வாரிக் குவித்து, மஞ்சள் குங்குமம் வைத்திருக்கிறார்கள். பூசை போட வேண்டியவர் பாத்தி வைத்திருக்கும் வீட்டு ஆம்பளை. அவர் போன மழைக்காலத்தில் இறந்துவிட்டாராம். இப்போது பாத்தியைப் பார்த்துக்கொள்ளும் அவர் மனைவி, தள்ளி நிற்கிறாள்.

தேங்காயோடு நிற்கும் கொழுந்தன் கூப்பிடுகிறான். "அண்ணி, வந்து ஏத்துங்க. வேலை செய்றது நீங்க, கற்பூரம் மட்டும் நானா?"

"வேணாம்பா. நான் ஏத்தி, உப்பு கரைஞ்சுபோனா ஊரு என்னைத்தான் பேசும்."

என் பக்கத்தில் நிற்கும் அவள் மாமியாரும் தாலி இழந்தவர்தான். "மழை பேஞ்சா கரையும்டி, உன்னாலயா கரையும்? சீக்கிரம் வா, காத்துல தீக்குச்சி அணையுது!"

"நீங்க ஏத்தியிருக்கீங்களாம்மா?" என்று கேட்கிறேன்.

"என்னை எவன்யா கூப்ட்டான்?" என்று சிரிக்கிறார்.

எனக்கு என் அம்மாவின் ஞாபகம் வருகிறது. அப்பா போன பிறகும் பொங்கலன்று கோலம் போடுவாள், பானைக்கு மஞ்சள் கொத்து கட்டுவாள். விளக்கேற்றும் நேரத்தில் மட்டும் உள்ளே போய்விடுவாள். பால் பொங்கும் சத்தத்தைக் கேட்டு அங்கிருந்தே கும்பிடுவாள்.

மருமகள் வந்து கற்பூரம் ஏற்றுகிறாள். மாமியார்தான் முதலில் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்கிறார்.

இதை நாலு பேரிடம் சொல்லுங்கள். அவள் ஏற்றினாள் என்று மட்டும் சுருக்கிவிடாதீர்கள். அவளைக் கூப்பிட ஆள் இருந்தது என்பதையும் சேர்த்து, நடந்தபடியே சொல்லுங்கள்.