வழுக்காதுலே, வா

ஒன்பதாம் வகுப்பில் நானூறு மீட்டர் ஓட்டத்தில் ரியாஸ் எப்போதும் முதல். நான் எப்போதும் இரண்டாவது. தென்காசியில் ஒரே தெருவில் குடியிருந்தோம், ஒரே பெஞ்சில் உட்கார்ந்தோம். அவன் அப்பா துபாயிலிருந்து அனுப்பும் சாக்லேட்டில் பாதி எனக்கு. ஆகவே அவன் தோற்க வேண்டும் என்று நான் நினைத்ததாக யாரும் சொல்லிவிட முடியாது. நானே சொன்னதில்லை.

மாவட்டப் போட்டிக்குப் பத்து நாள் இருந்தது. சாரல் தொடங்கிவிட்டதென்று இருவரும் சைக்கிளில் குற்றாலம் ஐந்தருவிக்குப் போனோம். அருவியில் ஒரே கூட்டம். கொஞ்சம் கீழே தள்ளி, ஓடைக்குக் குறுக்கே கிடந்த பாறையில் நான் முதலில் ஏறினேன். நடுவில் பாசியில் கால் வழுக்கிற்று. எப்படியோ கையை ஊன்றிச் சமாளித்து அக்கரைக்குப் போய்விட்டேன். ரியாஸ் அந்நேரம் குனிந்து பேண்டை மடித்துக்கொண்டிருந்தான்.

"வழுக்குதாலே?" என்று கேட்டான்.

"வழுக்காதுலே, வா. சும்மா ஓடி வா," என்றேன்.

நம்பி, ஓடியே வந்தான்.

முழங்கால் பாறையில் மோதிய சத்தம் அருவி இரைச்சலிலும் கேட்டது. அவன் அழவில்லை. காலைப் பிடித்துக்கொண்டு என்னையே பார்த்தான்.

ஆஸ்பத்திரியில் என் அப்பா என் சட்டையைப் பிடித்து விசாரித்தபோது, ரியாஸ் கட்டிலிலிருந்தே சொன்னான்: "அவன் வேண்டாம்னுதான் சொன்னான் மாமா. நாந்தான் கேக்கல."

எனக்குப் போன உயிர் திரும்பி வந்தது. மறுத்து ஒரு வார்த்தை சொல்லவில்லை.

மாவட்டப் போட்டியில் அவனுக்குப் பதிலாக ஓடி நான்காவதாக வந்தேன். அதன்பின் அவன் வீட்டுக்குப் போகவே முடியவில்லை. தெருவின் மறுமுனை வழியாகச் சுற்றிப் பள்ளிக்கூடம் போனேன். ஒரு மாலை அவன் அம்மா எங்கள் வாசலுக்கு வந்தார்.

"ஏன்யா, வீட்டுப் பக்கமே வர மாட்டுக்க? அவன் கட்டுப் போட்ட காலோட வாசலையே பாத்துக்கிட்டு கெடக்கான்."

"பரிச்ச இருக்கு சாச்சி," என்றேன்.

தலையாட்டிவிட்டுப் போனார். கால் எலும்பு கூடியது, ஆனால் அவன் அதற்குப் பின் ஓடவில்லை. அடுத்த வருடம் குடும்பத்தோடு துபாய் போய்விட்டார்கள்.

இப்போதும் சாரல் காலத்தில் ஆபீஸில் எல்லோரும் குற்றாலத்துக்குக் கிளம்பினால் ஏதாவது சாக்குச் சொல்லிவிடுகிறேன். சாக்குச் சொல்வதும் அலுத்துவிட்டது.

ஏன் பொய் சொன்னாய் என்று கேட்டுவிடுவானோ என்று பயந்துதான் அப்போது ஒளிந்துகொண்டேன். கேட்கிறவனாக இருந்தால் அன்றைக்கு ஆஸ்பத்திரியிலேயே கேட்டிருப்பான் என்பது பதினாலு வயதில் எனக்குத் தோன்றவே இல்லை.