பிணத்துக்கு ஒரு தலையணை

பொறை என்பது பிறர் செய்யும் பிழையைத் தாங்குதல் என்பர் சான்றோர். பிறர் விடும் குறட்டையைத் தாங்குதலும் அதனுள் அடங்கும் என்பது என் துணிபு. அப்பொறைக்கு உறைவிடமானவர், படப்பிடிப்பு நிலையத்தில் உடை தைக்கும் தையற்கார அம்மையார். அரசர்தம் அங்கிக்குப் பொத்தான் வைத்தவரும், சண்டைக் காட்சிதோறும் கிழியும் வில்லனின் கால்சட்டைக்கு ஒட்டுப் போட்டு அவன் மானம் காத்தவரும் அவரே.

இன்று சுவரெங்கும் முகம் ஒட்டப்பட்டிருக்கும் புகழ்பெற்ற நடிகர் அவருடைய தம்பி. அந்நாளில் அம்முகத்தைத் திரையில் கண்டவர் எவருமிலர். முதற்படத்தில் குடை பிடிக்கும் கையாக வந்தார். அடுத்ததில் மாடிப்படியில் உருளும் முதுகானார். அதற்கும் அடுத்ததில் பிணத்தின் போர்வைக்கு வெளியே நீண்ட இரு பாதங்கள், அவ்வளவே. ஒவ்வொரு படத்துக்கும் அம்மையார் தம் கணவரை இழுத்துச் செல்வார். பாதங்கள் தோன்றியதும் அரங்கு அதிர எழுந்து நின்றார்.

"அதோ என் தம்பி! அந்தக் கோணக் கட்டைவிரல் எங்கப்பாவோடது!"

கணவர் பூட்டு பழுது பார்ப்பவர். வீடு திரும்பும் வழியில் தீர்ப்புரைத்தார்.

"கை, முதுகு, கால்னு தவணை முறையில வர்றான் உன் தம்பி. தலை எப்ப வரும்?"

"வரும்ங்க. தலைதானே, கடைசியாத்தான் வரும்."

"அடுத்த படத்துல மூஞ்சி தெரியணும். இல்லன்னா நடிச்சது போதும், என் கடைக்கு வந்து சாவிக்கு அரம் போடட்டும். சோறு போடறவன் நான் சொல்றேன்."

உடன் வந்த தம்பி கொட்டாவி விட்டார். அவர் உறங்கிப் பல நாளாயிற்று. மூவரும் படுப்பது ஒரே அறை. கணவரின் குறட்டையோ பூட்டுகள் சாவியின்றித் தாமே திறந்துகொள்ளும் தரத்தது.

அம்மையாரின் வேண்டுதல் வீண்போகவில்லை. அடுத்த வேடமும் பிணமே எனினும், முகம் மூடாத பிணம். பிணவறை மேசையில் கிடக்க, கதாநாயகி மேல்விழுந்து அழுவாள். ஒத்திகையின்போது இரும்பு மேசை பிடரியை உறுத்த, பிணம் தலையைத் திருப்பியது.

"யோவ், இன்னொரு தடவை அசைஞ்சா வேற பிணம் பாத்துக்குவேன்!" என்றார் உதவி இயக்குநர்.

அங்கி மடித்துக்கொண்டிருந்த அம்மையார் அதைக் கேட்டார். அரசர் அங்கிகளில் மிஞ்சிய வெல்வெட் துண்டுகளைத் திணித்து, ஒருவரும் அறியாமல் ஒரு சிறு தலையணை தைத்தார். தம்பியின் தலைக்கடியில், விரிப்புக்குள் செருகினார்.

கேமரா ஓடியது. "என்னை விட்டுப் போயிட்டீங்களே!" என்று கதாநாயகி கதறினாள். போனவர் குறட்டையால் விடையளித்தார்.

"கட்! பிணம் ஏன்யா உயிரோட இருக்கு?" என்று இயக்குநர் கர்ச்சித்தார்.

அம்மையார் ஓடிவந்து இடையில் நின்றார். "ஐயா, தலையணை நான் வெச்சது. அவன் மேல தப்பில்ல. இதுலயும் மூஞ்சி தெரியலன்னா அவனைப் பூட்டுக் கடைக்கு அனுப்பிடுவாரு என் வீட்டுக்காரர்!"

இத்தனைக்கும் தம்பி விழிக்கவில்லை. குறட்டை ஒரு சுருதி ஏறியது. முதலில் சிரித்தவள் கதாநாயகி. அதன்பின் அம்முகத்தைப் பார்த்து அழ அவளால் இயலவேயில்லை. இயக்குநரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார். "இவன் சாகவே வேணாம்யா. படம் முழுக்கத் தூங்கட்டும்!" கதை மாறிற்று. பிணம் தூங்குமூஞ்சிக் காவலனாகிப் பிழைத்தது.

படம் வெளியாயிற்று. திரை நிறைய அம்முகம். அரங்கு நிறையச் சிரிப்பு. இம்முறை எழுந்து நின்றவர் கணவர்.

"அந்தக் குறட்டை என்னோடதுய்யா! என்கிட்டதான் கத்துக்கிட்டான் என் மச்சான்!"

"உக்காருங்க. பின்னாடி இருக்கறவங்களுக்கு என் தம்பி மூஞ்சி மறைக்குது," என்றார் அம்மையார்.

அவர் ஊசி என்றும் மழுங்காதிருப்பதாக. கணவர் கைபட்ட பூட்டெல்லாம் திறப்பதாக. அவ்வில்லத்தில் அறைகள் பல்குக. இறைவன் திருவருளால் அவற்றின் சுவர்கள் நன்கு தடிப்பனவாகுக!